அறுவது கிலோ சாமை மூட்டை

எங்க வூட்டுக்காரரு இதுவரைக்கும் முப்பத்தொரு படத்துல செத்திருக்காரு. சும்மா வாய்க்கு வந்தத சொல்லல, பழைய காலண்டர் பின்னாடி எழுதியே வெச்சிருக்கேன். கத்திக்குத்துல பத்து, துப்பாக்கியில ஒம்போது, மாடியில இருந்து வுழுந்தது ஆறு, மிச்சமெல்லாம் ஹீரோ வுட்ட ஒதையிலயே போய்ட்டாரு. கண்ணமங்கலம் பக்கத்துல ரேஷன் கடையில எடை போடறவ நானு. அரிசி வாங்க வர்ற பொம்பளைங்க மொதல்ல கேக்கறது அரிசி எப்படி கீதுன்னு இல்ல. "இன்னா அமுதவல்லி, உங்க வூட்டுக்காரரு இப்ப எந்தப் படத்துல சாவுறாரு?"ன்னுதான் கேப்பாங்க. எனக்கு அதுல ஒரு வருத்தமும் கெடயாது. காலையில செத்துட்டு சாயந்தரம் வூட்டுக்கு வந்து கைகால் கழுவி சோறு துன்னுறாரு, இதுல வருத்தப்பட இன்னா இருக்குது?

பேரு ராஜாக்கண்ணு. புருசன் பேர சொல்லலாமான்னு யாரும் மொகத்த சுளிக்க வேணாம். படம் முடிஞ்சி எழுத்து ஓடும்போது அவரு பேர அவங்களே போடறாங்க, நான் சொல்லி இன்னா கொறஞ்சிடப் போவுது? சொந்த ஊரு சந்தவாசல். அப்பா அம்மாவுக்கு வேர்க்கடலை வெள்ளாமை. இவரும் அந்தக் கொல்லையிலயே கெடந்திருப்பாரு. பள்ளிக்கூடத்துல பளுதூக்குற போட்டிக்கு ஒரு ஆளு கொறையுதுன்னு பேரு குடுத்தாரு, அப்பால கொல்லைப் பக்கம் திரும்பியே பாக்கல.

இவரு பொழுதுபோக்குக்கு பளு தூக்கல, சம்பளத்துக்குத் தூக்குனாரு. ஒரு கம்பெனி டீமுல ஒம்போது வருசம் அதுதான் அவரு உத்தியோகம். காலையில ஆறு மணிக்கு பைய மாட்டிக்கினு வேலூருக்குப் பயிற்சிக்குப் போவாரு, போட்டி வந்துச்சின்னா ரயில் ஏறி எங்கெங்கயோ போவாரு. மாநிலப் போட்டியில மூணு தபா தங்கம். நூத்தி எழுவத்தஞ்சு கிலோவ தலைக்கு மேல புடிச்சிக்கினு நிக்கிற போட்டா எங்க வூட்டு டிவிக்கு மேல மாட்டியிருக்குது. வர்றவங்க எல்லாம் அந்தக் கம்பி வளைஞ்சிருக்கறதத்தான் பாப்பாங்க. நான் மொகத்தப் பாருங்கன்னு சொல்லுவேன். பஸ்ஸுக்கு நிக்கிற ஆளு மொகம் மாதிரி இருக்கும். அவரு கத்துக்கினதே அதுதான், கனமா இருக்கறத கனம்னு வெளிய காட்டக் கூடாது.

கல்யாணம் ஆன புதுசுல என்னையும் ஒரு போட்டிக்கு கூட்டினு போனாரு. மேடைக்கு முன்னாடி மூணு நடுவருங்க, ஆளுக்கு ஒரு வெளக்கு. தூக்குனது சரின்னா வெள்ளை எரியும், தப்புன்னா செவப்பு எரியும். மூணுல ரெண்டு வெள்ளை வந்தா போதும், கணக்குல சேத்துக்குவாங்க. இன்னொரு சட்டமும் சொன்னாரு. தூக்குறவரத் தவிர வேற யாரும் அந்தக் கம்பியத் தொடக் கூடாது. தெரியாத்தனமா ஒருத்தர் வெரலு பட்டாலும் அது கணக்குல வராது. அதனால மேடையில ஒண்டியா நிக்கணும், ஒண்டியா தூக்கணும், கீழ போட்டாலும் ஒண்டியாதான் போடணும்.

இந்த ரெண்டு சட்டத்தையும் மனுசன் மேடையிலயே வுட்டுட்டு வந்திருக்கலாம். வூட்டுக்கும் எடுத்தாந்துட்டாரு. கொழம்பு எப்படின்னு கேட்டா, "ரெண்டு வெள்ளை, ஒரு செவப்பு" அப்படிம்பாரு. செவப்பு இன்னாத்துக்குன்னு கேட்டா, "புளி" அப்படிம்பாரு. என் தங்கச்சி கல்யாணத்து சாப்பாடு, ஊரே ஏப்பம் வுட்டுக்கினு போச்சி. அதுக்கும் ரெண்டு வெள்ளைதான். புதுப் பொடவ கட்டிக்கினு வந்து நின்னாலும் தலைய ஒரு பக்கமா சாச்சி, "ரெண்டு" அப்படிம்பாரு. இருவத்திரெண்டு வருசத்துல மூணும் வெள்ளைன்னு அந்த வாயில இருந்து நான் கேட்டதே இல்ல. நானும் போராடிப் பாத்து வுட்டுட்டேன்.

அத கூட தமாசுன்னு வெச்சிக்கலாம். அந்த இன்னொண்ணுதான் எனக்கு ஆவவே ஆவாது. கல்யாணமாகி ரெண்டாவது மாசம், கேஸ் சிலிண்டர் வந்துச்சி. சும்மா ஒரு பாசத்துல நானும் ஒரு பக்கம் கை வெச்சேன். "தொடாத. தொட்டா கணக்குல வராது"ன்னு சொல்லிட்டு ஒரே கையில தூக்கினு போய்ட்டாரு. அன்னிக்கி சிரிச்சேன். அடுத்த தபா பீரோவ நவுத்தும்போதும் அதே பேச்சு. அவங்கப்பா செத்து பாடை தூக்கும்போது கூட, மத்தவங்க தோள மாத்திக்கினாங்க, இவரு சுடுகாடு வரைக்கும் மாத்தவே இல்ல. அப்பறம் எனக்கு சிரிப்பு வரல.

முப்பத்தி மூணு வயசுல அவரு வலது தோளு போச்சி. கம்பெனியில அந்த வருசத்தோட டீமயே கலைச்சிட்டாங்க. அத அவரு எங்கிட்ட சொல்லல. தெனமும் ஆறு மணிக்கு பைய மாட்டிக்கினு கெளம்புவாரு, சாயந்தரம் வருவாரு. துணிய தொவைக்கப் போட்டா அதுல வேர்வை வாடையே இல்ல. நான் கவனிச்சிருக்கணும், கவனிக்கல. மூணு மாசம் கழிச்சி எங்க கடைக்கு வர்ற சிங்காரம் அண்ணன் சக்கரை வாங்கினு பைய மடிச்சிக்கினே கேட்டாரு, "ஏம்மா, உங்க வூட்டுக்காரருக்கு ரயில்வேல வேலை கெடச்சிருச்சா? தெனம் கண்ணமங்கலம் டேசன்ல பெஞ்சு மேலயே உக்காந்திருக்காரே?"

கடைய அப்படியே பூட்டினு போனேன். பெஞ்சுல பைய மடியில வெச்சிக்கினு உக்காந்திருந்தாரு. என்னப் பாத்ததும் எழுந்து நின்னாரு, தப்பு பண்ணுன புள்ளையாட்டம்.

"இன்னாங்க இது?"

"தோளு சரியானதும் சொல்லலாம்னு இருந்தேன்."

"சரியாவலன்னா?"

எனக்கு வந்த ஆத்திரத்துல அந்த பையப் புடுங்கி தண்டவாளத்துல வீசலாம்னு இருந்துச்சி. "சொல்லியிருந்தா நானும் ஒரு கை புடிச்சிருக்க மாட்டேனா? நான் இன்னா மேடைக்குக் கீழ உக்காந்து கை தட்ட வந்தவளா?"ன்னு கேட்டேன். டேசன் மாஸ்டர் எட்டிப் பாக்கற அளவுக்கு கேட்டேன். இவரு அதுக்கும், "உனக்கு இன்னாத்துக்கு கஷ்டம்னுதான்" அப்படின்னாரு. நல்லவருதான். அந்த நல்லதுதான் என்ன அழ வெச்சிது. மூணு மாசம் ஒரே வூட்டுல ஒரே தட்டு சோறு துன்னுட்டு நான் வேத்து மனுசியா இருந்திருக்கேன்.

சினிமாவுக்கு அவரா போவல. அவரு கூட பளு தூக்கிக்கினு இருந்த தசரதன்னு ஒருத்தரு சண்டைக் காட்சிக்கு தடியான ஆளுங்க வேணும்னு சொல்லி கூட்டினு போனாரு. இவருக்கு சண்டையே தெரியாது. ஆனா வுழத் தெரியும். பளு தூக்கறவங்களுக்கு கம்பிய வுட்டுட்டு எப்படி அடிபடாம வுழறதுன்னுதான் மொதல்ல கத்துத் தருவாங்களாம். மத்தவங்க ரெண்டு தபா வுழுந்தா ஐயோ அம்மான்னு இடுப்பப் புடிச்சிக்குவாங்க, இவரு பத்து தபா வுழுந்து எழுந்து மண்ணத் தட்டிக்கினு டீ குடிக்கப் போவாரு. அதனால வேலை வந்துக்கினே இருந்துச்சி. பத்து வருசம் செத்தாரு. அப்பறம் கொஞ்சம் கொஞ்சமா உயிரோட வுட ஆரம்பிச்சாங்க. ஒரு படத்துல கறிக்கடைக்காரரு, ஒரு படத்துல ஜெயில் வார்டன், ஒரு படத்துல பொண்ணுக்கு தாய்மாமன். வசனமும் குடுத்தாங்க. குணச்சித்திர நடிகருன்னு ஒரு பேப்பர்ல போட்டாங்க. அந்தப் பேப்பர கடையில எடை மிஷினுக்குப் பின்னாடி ஒட்டி வெச்சேன். அரிசி வாங்கறவங்க கண்ணு அங்கதான் போவும்.

இந்த மாதிரி போய்க்கினு இருக்கும்போதுதான் பிரகாஷ்னு ஒரு டைரக்டரு வந்தாரு. சின்ன வயசு, தாடி, எப்ப பாத்தாலும் கையில ஒரு நோட்டு. கதை ஜவ்வாது மலையில நடக்குது. சாமை வெளைய வெச்சி, மூட்டை கட்டி, தலையில தூக்கினு சந்தைக்கு எறங்குற ஒரு விவசாயி. அவருக்கு ஒரு மகன். மூட்டைய தூக்கி வுடறது எப்பவும் அந்த மகன்தான். மகன் செத்துப் போயிடறான். அதுதான் கதை. அந்த அப்பா வேஷம் எங்க வூட்டுக்காரருக்கு. படம் பூரா அவருதான். பதினாலு வருசம் ஒதை வாங்குனதுக்கு அப்பறம் இப்படி ஒண்ணு வந்துச்சி.

வசனம் எல்லாம் ஜம்முனு வந்துச்சின்னு சொன்னாங்க. மலையில பத்து நாளு ஒத்திகை வெச்சாங்க. நடக்கறது, உக்கார்றது, கஞ்சி குடிக்கறது, எல்லாத்தையும் பிரகாஷ் தம்பி தலைய ஆட்டி ஆட்டி ரசிச்சிச்சாம். ஒண்ணே ஒண்ணுதான் வரல. மகன் செத்த அப்பறம் மொத தடவையா அவரு ஒண்டியா அந்த மூட்டைய தூக்கணும். வசனமே கெடயாது. அறுவது கிலோ மூட்டை, முன்ன ரெண்டு பேரு தூக்குனது, இன்னிக்கி ஒருத்தரு. அந்தக் கனம் தெரியணும்.

மொதல்ல உமி ரொப்புன மூட்டைய வெச்சாங்க, எட்டு கிலோ இருக்கும். இவரு தலவாணி மாதிரி தூக்கி தலையில வெச்சிட்டாரு. "அண்ணே, அது அறுவது கிலோண்ணே"ன்னு பிரகாஷ் தம்பி சொல்லிச்சாம். இவரு யோசிச்சிட்டு, "பொய் மூட்டை வேணாம் தம்பி, நெஜமாவே அறுவது கிலோ போடுங்க"ன்னாரு. போட்டாங்க. காலை அகட்டி நின்னு, முதுக நேரா வெச்சி, மூச்ச இழுத்து, ஒரே தூக்கு. பிரகாஷ் தம்பி தலையில கைய வெச்சிக்கிச்சாம். "எனக்கு கை தட்டணும் போல இருக்குதுண்ணே. அழுவ வரணும்ண்ணே." சரின்னு எண்பது கிலோ போட்டாங்க. நூறு கிலோ போட்டாங்க. கனம் ஏற ஏற இவரு முதுகு இன்னும் நேராவுது, மொகம் இன்னும் சாந்தமாவுது. இருவது வருசம் கனத்த லேசாக்கிக் காட்டக் கத்துக்கினவரு, இப்ப லேச கனமாக்குன்னா எங்க போவாரு?

ஷூட்டிங்ல மொத நாள், மொத ஷாட்டே இதத்தான் வெச்சிருந்தாங்க. பிரகாஷ் தம்பி ஒளிவுமறைவு இல்லாம சொல்லிடுச்சி. "இது வரலன்னா மத்ததெல்லாம் எடுத்து பிரயோசனம் இல்லண்ணே. வேற ஒருத்தர பேசி வெச்சிருக்கோம். தப்பா நெனச்சிக்காதீங்க." ஷூட்டிங் தொடங்கற வெள்ளிக்கிழம அவரையும் அதே எடத்துக்கு வரச் சொல்லியிருந்தாங்க. இவரு ஊத்திக்கினா அவரு அன்னிக்கே சட்டைய மாட்டிக்கலாம்.

இதெல்லாம் எனக்கு அவரா சொல்லலன்னு நான் சொல்ல வேண்டியதே இல்ல. செவ்வாக்கிழம கடைய பூட்டினு வூட்டுக்கு வர்றேன், பீரோ கண்ணாடி முன்னாடி நின்னுக்கினு அரிசி மூட்டைய கட்டிப் புடிச்சி மொகத்த கோணலா வெச்சிருக்காரு. பல்லு வலி வந்தவரு மாதிரி இருந்துச்சி. நான் செருப்பு கூட அவுக்காம சிரிச்சேன். அவருக்கு கோவம் வந்து மூட்டைய கீழ வெச்சாரு. வெச்சது கூட அழகா வெச்சாரு, சத்தமே இல்லாம.

"பல்லு வலியா?"

"கம்முனு இரு அமுதா."

"சொல்லுங்க. இல்லன்னா நானும் ரயில்வே டேசன்ல போய் உக்காந்துக்கறேன்."

அப்பறம்தான் சொன்னாரு. எல்லாத்தையும் சொல்லி முடிச்சிட்டு, "எனக்கு மூட்டை தூக்க வரலன்னு அனுப்பப் போறாங்க. வெளிய சொன்னா யாராச்சும் நம்புவாங்களா?"ன்னாரு. குரலு தேஞ்சி போச்சி. அவரு இந்த வேஷத்துக்கு எம்மாம் ஆசப்பட்டாருன்னு எனக்கு அப்பத்தான் தெரிஞ்சிது. வயசு நாப்பத்தெட்டு. இத வுட்டா மறுபடியும் மாடியில இருந்து வுழணும்.

எனக்கு சினிமா தெரியாது. ஆனா மூட்டை தெரியும். பத்தொம்போது வருசமா என் கண்ணு முன்னாடி ஜனங்க மூட்டை தூக்குறாங்க. "நாளைக்கி கடைக்கு வாங்க"ன்னேன்.

"கடையில எனக்கு இன்னா வேலை?"

"ஒரு வேலையும் இல்ல. சும்மா உக்காந்து பாருங்க."

புதன்கெழம காலையில வந்து மூலையில பருப்பு மூட்டை மேல உக்காந்தாரு. வந்தவங்களுக்கு ஒரே குஷி. செத்தவரு நேர்ல உக்காந்திருக்காரேன்னு ஒருத்தி செல்போன்ல போட்டா புடிச்சா. நான் அவருகிட்ட போய் சொன்னேன், "கையப் பாக்காதீங்க, முதுகப் பாக்காதீங்க. மூட்டையத் தொடறதுக்கு முன்னாடி இன்னா பண்றாங்கன்னு மட்டும் பாருங்க."

மொதல்ல குப்பம்மாள் வந்தாங்க. அறுவத்தஞ்சு வயசு, முப்பத்தஞ்சு கிலோ அரிசி கார்டு. மிஷின்ல வெரல வெச்சாங்க, நான் எடை போட்டு பையில ரொப்பிக் குடுத்தேன். அவங்க மூட்டையப் பாக்கவே இல்ல. வாசப்படியப் பாத்தாங்க. அப்பறம் பின்னாடி நிக்கிறவங்கள பாத்தாங்க. அப்பறம் என்னப் பாத்தாங்க. முந்தானைய சொருவிக்கினே இன்னொரு தபா வாசப்படியப் பாத்தாங்க. அதுக்கு அப்பறம்தான் குனிஞ்சாங்க. நான் போய் ஒரு பக்கம் புடிச்சி தூக்கி வுட்டேன். அடுத்து சிங்காரம் அண்ணன். இருவது கிலோதான், ஆம்பள, தூக்க முடியும். அவரும் தெருவுல தெரிஞ்ச வண்டி எதுனா போவுதான்னு பாத்துட்டுதான் குனிஞ்சாரு. அடுத்து ஒரு காலேஜு பொண்ணு, செல்போன்ல பேசிக்கினே ரெண்டு பக்கமும் பாத்துது. மத்தியானம் வரைக்கும் நாப்பது பேரு வந்தாங்க. நாப்பது பேரும் பாத்தாங்க.

கூட்டம் கொறஞ்சதும் அவரு கேட்டாரு, "தூக்கி வுட கூட வந்தவங்க யாரும் இல்லன்னு தெரிஞ்சும் இன்னாத்துக்கு பாக்கறாங்க?"

"யாராச்சும் இருப்பாங்கன்னுதான். எப்பவும் யாராச்சும் இருந்திருப்பாங்க இல்ல."

அவரு தன் கையப் பாத்துக்கினே உக்காந்திருந்தாரு. அப்பறம், "நான் பாத்ததே இல்லயே அமுதா" அப்படின்னாரு.

"தெரியும். நான் பக்கத்துலயேதான் நின்னுக்கினு இருந்தேன்."

வாசல்ல யாரோ மண்ணெண்ண எப்ப வரும்னு கேட்டாங்க, எழுந்து போய்ட்டேன்.

வெள்ளிக்கிழம எங்க கடைக்கு லீவு. விடிஞ்சதும் வேன் வந்து நின்னுச்சி. ஏறப் போனவரு திரும்பி, "நீயும் வா"ன்னாரு. போட்டிக்கு எல்லாம் கூப்புட்டிருக்காரு, அது கை தட்ட. இது வேற மாதிரி கூப்புட்டாரு. இருந்த பொடவையோடயே ஏறிட்டேன், காபி கலர்ல பச்சைக் கரை போட்ட நூல் பொடவ, வூட்டுல கட்டறது. கணியம்பாடி தாண்டி அமிர்தி வழியா மேல ஏறுனோம்.

மலைமேல ஒரு களம். சுத்தியும் சாமைக் கொல்லை. நடுவுல மூட்டை, நெஜமாவே அறுவது கிலோ. இவரு தலையில துண்டு, இடுப்புல பழைய வேட்டி. கொஞ்சம் தள்ளி ஒரு மரத்தடியில அந்த இன்னொரு நடிகரு சேர் போட்டு உக்காந்திருந்தாரு. பாவம், அவரு மேல தப்பில்ல, ஆனா எனக்கு அவரப் பாக்கவே புடிக்கல. சரிதா அப்படின்னு ஒரு பொண்ணு, டைரக்டருக்கு உதவி, என்ன கேமராவுக்கு எடது பக்கம் நிக்க வெச்சி, "அக்கா, பேசக்கூடாது, நவுரக்கூடாது"ன்னு சொல்லிச்சி. நான் இன்னா சின்னப் புள்ளையான்னு நெனச்சிக்கினேன்.

ஆக்‌ஷன்னு சொன்னாங்க. இவரு களத்துக்குள்ள வந்தாரு. மூட்டை கிட்ட நின்னாரு. குனியல. மூட்டையப் பாக்கவும் இல்ல. வலது பக்கம் பாத்தாரு, மகன் நிக்கிற எடம். அங்க ஒண்ணும் இல்ல. துண்ட எடுத்து ஒதறி மறுபடியும் கட்டுனாரு. மறுபடியும் அங்கயே பாத்தாரு. அந்த நேரா நிக்கிற முதுகு கொஞ்சம் கொஞ்சமா எறங்குச்சி. பெரிய ஆளு, என் கண்ணு முன்னாடி சின்னதா ஆனாரு. அப்பறம் மெதுவா எடது பக்கம் திரும்பி, என்னப் பாத்தாரு.

அது நடிப்பா இல்லையான்னு எங்கிட்ட கேக்காதீங்க, எனக்குத் தெரியாது. இருவத்திரெண்டு வருசத்துல அந்த மனுசன் என்ன அப்படி பாத்ததில்ல. ஒரு கை குடேன்னு கேக்கற பார்வை. கேமரா, லைட்டு, பிரகாஷ் தம்பி, மரத்தடி ஆளு, எதுவுமே எனக்கு ஞாபகம் இல்ல. முந்தானைய இழுத்து இடுப்புல சொருவினேன். நேரா நடந்து போய் மூட்டையோட அந்த முனையப் புடிச்சிட்டேன். அவரும் ஒண்ணும் கேக்கல, இந்த முனையப் புடிச்சாரு. கடையில பண்றா மாதிரியே, "ஒண்ணு, ரெண்டு"ன்னு சொல்லி அவரு தலை மேல தூக்கி வெச்சேன்.

அப்பத்தான் பின்னாடி இருந்து, "யாரும்மா அது?"ன்னு ஒரு சத்தம். கட்னு ஒரு சத்தம். நான் களத்து நடுவுல நிக்கறேன், கேமரா என் மூஞ்சிக்கு நேரா இருக்குது. பதினாலு வருசம் காத்துக்கினு இருந்து வந்த வேஷம். அத நானே, என் கையாலயே, கெடுத்துட்டேன். சரிதா பொண்ணு என்னப் பாத்த பார்வையில ஒரு லிட்டர் பால் திரிஞ்சிருக்கும். மரத்தடியில இருந்தவரு எழுந்து நின்னுட்டாரு.

எங்க வூட்டுக்காரரு மூட்டைய தலையில வெச்சிக்கினே பிரகாஷ் தம்பிகிட்ட கேட்டாரு, "இன்னொரு தபா தூக்கட்டா தம்பி?"

சின்ன டிவி மாதிரி ஒண்ணு வெச்சிருந்தாங்க, பிரகாஷ் தம்பி அதுக்குள்ள தலைய வுட்டுக்கினு திரும்பத் திரும்ப அதையே ஓட்டிப் பாத்துது. மூணு தபா பாத்துது. நான் மனசுக்குள்ள வேண்டாத சாமி இல்ல. கடைசியில எழுந்து வந்துது. கண்ணு செவந்திருந்துச்சி. நான் மன்னிப்பு கேக்க வாயத் தொறந்தேன்.

"அக்கா, உங்க பொடவையும் வளையலும் வேணும்"னுச்சி.

"இன்னாத்துக்கு தம்பி?"

"உங்க கை வந்து மூட்டையப் புடிக்கற வரைக்கும் அப்படியே வெச்சிக்கறேன். அப்பால சம்சாரமா நடிக்கறவங்கள அதே பொடவையில நிக்க வெச்சி எடுத்துக்கறேன். சம்சாரம் வந்து கை குடுக்கறது கதையில இல்ல, எனக்கு தோணவும் இல்ல. மகன்தான் இல்ல, சம்சாரம் இருக்காங்களே. இவ்ளோ நாளா எனக்கு அவங்க கண்ணுலயே படல." அப்பறம் எங்க வூட்டுக்காரரப் பாத்து, "எறக்கி வைங்கண்ணே, அது அறுவது கிலோ"ன்னுச்சி.

சம்சாரமா நடிக்கற அந்த அம்மாவுக்கு என் காபி கலர் பொடவையையும், என் கண்ணாடி வளையலையும், வளையல்ல கோத்திருந்த ஊக்கையும் சேத்து மாட்டி வுட்டாங்க. அவங்க பொடவையக் கட்டிக்கினு நான் மலையில இருந்து எறங்கி வந்தேன். நல்ல பொடவதான், ஆனா ஓரத்துல வேணும்னே கிழிச்சி தெச்சிருந்தாங்க. தெருவுல பாத்தவங்க எல்லாம் வூட்டுல எதுனா சண்டையான்னு கேட்டாங்க.

படம் போன மாசம் வந்துச்சி. ஆரணியில போய் பாத்தோம். எங்க தெருவே வந்திருந்துச்சி, குப்பம்மாள் மொத வரிசையில உக்காந்து கழுத்த அண்ணாந்துக்கினு பாத்தாங்க. அந்த எடம் வந்துச்சி. அவ்ளோ பெரிய தெரையில அவரு மொகம். வலது பக்கம் பாக்கறாரு. துண்ட ஒதறிக் கட்டறாரு. திரும்பி இந்தப் பக்கம் பாக்கறாரு. அப்ப எடது ஓரத்துல இருந்து ஒரு கை வருது. கண்ணாடி வளையலு, அதுல தொங்கற ஊக்கு, மணிக்கட்டுல எண்ண தெறிச்ச தழும்பு. அது என் கை. மூட்டையோட முனைய கெட்டியாப் புடிக்குது. முன்னாடி வரிசையில குப்பம்மாள் மூக்க உறிஞ்சறது எனக்கு கேட்டுச்சி.

எனக்கும் கண்ணு முட்டிக்கிச்சி. அத மறைக்கணும்னு அவரு பக்கம் சாஞ்சி காதுல கேட்டேன், "நான்தான் தொட்டுட்டேனே. கணக்குல வருமா?"

அவரு தெரையில இருந்து கண்ண எடுக்கல. என் கைய எடுத்து அவரு மடியில வெச்சி, அந்த தழும்பு மேல தன் கைய வெச்சி மூடிக்கினாரு.

"மூணும் வெள்ளை"ன்னாரு. அப்பறம் படம் முடியற வரைக்கும் கைய எடுக்கல.